காலிஃபார்மிஸ்: கோழி உறவுப் பறவைகளின் அறிவியல் பெயரைப் படிக்கவும் எழுதவும் ஒரு வழிகாட்டி

தாழைக்கோழி, நாமக்கோழி, கானாங்கோழி, வரகுக்கோழி. நம் ஊர்ப் பறவைப் பெயர்களில் ‘கோழி’க்குப் பஞ்சமே இல்லை. ஆனால் இந்த நான்கும் கோழிக்கு நெருங்கிய உறவு கிடையாது. மயில், கௌதாரி, காடை ஆகியவற்றின் பெயரில் கோழி என்ற சொல்லே இல்லை, அவை மூன்றும் கோழியின் சொந்தக்காரர்கள். பறவை பார்க்கத் தொடங்குபவர்கள் குழம்பிப் போகும் முதல் இடங்களில் இது ஒன்று. இந்தக் குழப்பத்தைத் தீர்க்கும் பெயர்தான் காலிஃபார்மிஸ். கள வழிகாட்டி நூல்களில் முதல் சில பக்கங்களிலேயே இது வந்துவிடும். பலரும் அதைத் தாண்டிப் படங்களுக்குப் போய்விடுகிறார்கள். கொஞ்சம் நின்று அதைப் படிக்கக் கற்றுக்கொண்டால், பின்னால் எத்தனையோ பெயர்கள் தாமாகவே விளங்கும்.

1. முதலில் பெயரைப் பிரியுங்கள்

லத்தீனில் ‘காலஸ்’ என்றால் சேவல், ‘ஃபார்மா’ என்றால் வடிவம். சேவல் வடிவம் கொண்டவை என்பதுதான் காலிஃபார்மிஸ். நெதர்லாந்தைச் சேர்ந்த பறவையியலாளர் டெமிங்க் 1820-ல் இந்தப் பெயரை வழக்குக்குக் கொண்டுவந்தார். அதற்கு முன்பு, 1758-ல், உயிர்களுக்கு இரட்டைப் பெயர் வைக்கும் முறையை வகுத்த லின்னேயஸ் இதே கூட்டத்துக்கு ‘காலினே’ என்று பெயர் வைத்து மயில், வான்கோழி, ஃபெசன்ட் முதலியவற்றை அதில் சேர்த்திருந்தார். 19-ஆம் நூற்றாண்டு நூல்களைப் புரட்டினால் ‘ரசோரிஸ்’ என்ற இன்னொரு பெயரும் கண்ணில் படும். தரையைக் கிளறுபவை என்று பொருள். அந்தப் பெயர் இப்போது வழக்கில் இல்லை. பழைய நூலைப் படிக்கும்போது இந்தக் கூட்டத்தைத்தான் பெரும்பாலும் சொல்கிறார்கள் என்று தெரிந்தால் போதும்.

2. ஏணியில் எந்தப் படி என்று பாருங்கள்

காலிஃபார்மிஸ் ஒரு தனிப் பறவையின் பெயர் இல்லை. அது ஒரு ‘வரிசை’யின் பெயர். மேலிருந்து கீழாக வகுப்பு, வரிசை, குடும்பம், பேரினம், சிற்றினம் என்று இறங்குவதுதான் முறை. இலங்கைப் பாடநூல்களில் வரிசையை வருணம் என்றும், பேரினத்தைச் சாதி என்றும், சிற்றினத்தை வெறுமே இனம் என்றும் எழுதுவார்கள். இரண்டு நாட்டுக் கட்டுரைகளையும் படிப்பவர்கள் இதைக் கவனத்தில் வைப்பது நல்லது. ‘இனம்’ என்ற ஒரே சொல் இங்கே ஒரு படியையும் அங்கே ஒரு படியையும் குறித்துவிடக்கூடும்.

எந்தப் படி என்பதைப் பெயரின் கடைசி அசையே சொல்லிவிடும். ‘ஃபார்மிஸ்’ என்று முடிந்தால் பறவைகளில் அது வரிசை. ‘இடே’ என்று முடிந்தால் குடும்பம். ‘இனே’ என்று முடிந்தால் துணைக்குடும்பம். ஃபாசியானிடே என்று எங்காவது பார்த்தால், பொருள் தெரியாவிட்டாலும் அது ஒரு குடும்பம் என்று உடனே சொல்லிவிடலாம்.

காலிஃபார்மிஸ் வரிசையில் சுமார் 300 சிற்றினங்கள் இருக்கின்றன. அவை ஐந்து குடும்பங்களாகப் பிரிந்திருக்கின்றன. கினிக்கோழிகளின் குடும்பம் ஆப்பிரிக்காவுக்கு உரியது. கிராசிடே குடும்பம் மத்திய, தென் அமெரிக்கக் காடுகளில் வாழ்கிறது. புதிய உலகக் காடைகளுக்கு என்று தனிக்குடும்பம் உண்டு. நமக்கு வேண்டியவை மீதி இரண்டு. மயில், காட்டுக்கோழி, கௌதாரி, காடை, சுண்டங்கோழி எல்லாம் ஃபாசியானிடே குடும்பம். இன்னொன்று மெகபோடிடே. அந்தக் குடும்பத்தில் இந்தியாவில் இருப்பது நிக்கோபார் தீவுகளின் மெகபோடியஸ் நிக்கோபாரியன்சிஸ் மட்டும்தான். ‘மெகபோடியஸ்’ என்றால் பெரிய கால் உடையது. இந்தப் பறவை முட்டை மேல் உட்கார்ந்து அடைகாப்பதே இல்லை. கடற்கரை மணலையும் மக்கும் இலைதழைகளையும் பெரிய மேடாகக் குவித்து, அதற்குள் முட்டையைப் புதைத்துவிடுகிறது. மேட்டுக்குள் எழும் சூட்டில் குஞ்சு பொரிந்து, தானே தோண்டிக்கொண்டு வெளியே வருகிறது. கோழி என்றாலே அடைகாத்தல் என்று பழகிய நமக்கு இது நம்ப முடியாத செய்திதான்.

3. ‘தரைவாழ் பறவை’ என்று மொழிபெயர்க்காதீர்கள்

தமிழில் வரும் குறிப்புகளில் நான் மிக அதிகமாகக் காணும் தவறு இதுதான், அதனால் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். காலிஃபார்மிஸ் பறவைகள் பெரும்பாலும் தரையில் நடந்து, தரையைக் கிளறி, தரையிலேயே முட்டையிடுபவை என்பது உண்மைதான். அதற்காகத் தரையில் வாழும் பறவை என்பதே அந்தப் பெயரின் பொருள் ஆகிவிடாது. பெயர் சொல்வது உறவை. வாழும் இடத்தை அது சொல்லவில்லை.

கிராசிடே குடும்பத்துப் பறவைகளில் பல மரக்கிளைகளிலேயே மேய்ந்து, மரத்திலேயே கூடு கட்டுகின்றன. இமயமலையின் டிராகோபான் என்ற ஃபெசன்ட்களும் பெரும்பாலும் மரத்தில்தான் கூடு வைக்கின்றன. நம் மயில் இரவானால் உயரமான மரத்தில் போய் அடைகிறது. பகல் முழுக்கக் காட்டிலும் மேட்டிலும் ஓடித் திரியும் கௌதாரிகூட, பொழுது சாய்ந்ததும் கூட்டமாக முள்மரங்களில் ஏறித் தூங்குகிறது. இவை அத்தனையும் காலிஃபார்மிஸ்.

எதிர்ப்பக்கத்தையும் பாருங்கள். ஆட்காட்டி, கண்கிலேடி, வானம்பாடி, கானமயில் எல்லாம் தரையிலேயே முட்டையிட்டு, தரையிலேயே வளரும் பறவைகள். இவற்றில் ஒன்றுகூட காலிஃபார்மிஸ் கிடையாது. கானமயிலின் பெயரில் மயில் இருந்தாலும் அது ஓடிடிஃபார்மிஸ் என்ற வேறு வரிசை. தொடக்கத்தில் சொன்ன வரகுக்கோழியும் அந்த வரிசைதான். தாழைக்கோழி, நாமக்கோழி, கானாங்கோழி மூன்றும் கொக்குகளை ஒத்த, ஆங்கிலத்தில் கிரேன் எனப்படும் கிரஸ் பறவைகளின் வரிசையான குரூயிஃபார்மிஸைச் சேர்ந்தவை.

லத்தீன் பெயரும் சில சமயம் ஏமாற்றும். தாழைக்கோழியின் பேரினப் பெயர் காலினுலா. சின்னப் பெட்டைக்கோழி என்று பொருள். உள்ளானின் பெயர் காலினாகோ காலினாகோ, அதிலும் கோழி ஒளிந்திருக்கிறது. அந்தக் காலத்தில் பெயர் வைத்தவர்களுக்கும் அவை கோழி மாதிரித்தான் தெரிந்திருக்கின்றன. ஆகவே பேரினப் பெயரில் ‘கால்’ என்ற ஒலி கேட்டவுடன் முடிவுக்கு வந்துவிடாமல், அது எந்த வரிசையில் இருக்கிறது என்று ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

இன்னொரு சங்கடமும் உண்டு. சங்கப் பாடல்களில் வரும் கானக்கோழி காட்டுக்கோழி. இன்று குளக்கரையில் கானாங்கோழி என்று நாம் சொல்வது வெண்மார்புள்ள நீர்ப்பறவை. ஒலி கிட்டத்தட்ட ஒன்று, பறவை வேறு. பெயர்கள் காலத்தோடு இடம் மாறுவது இயல்பு, அதில் யார் மீதும் குற்றம் இல்லை. ஆனால் ஒரு குறிப்பு ஐம்பது ஆண்டு கழித்தும் பயன்பட வேண்டுமென்றால் பக்கத்தில் அறிவியல் பெயரும் இருப்பதுதான் பாதுகாப்பு.

4. காலைப் பாருங்கள்

களத்தில் பெயர்ப்பலகை இருக்காது. அப்போது உதவுவது கால். முடிந்தால் பறவையின் பாதத்தைத் தெளிவாகப் படம் எடுங்கள், அல்லது ஈர மண்ணில் பதிந்த தடத்தைத் தேடுங்கள்.

காலிஃபார்மிஸ் பறவைக்கு முன்னால் மூன்று விரல், பின்னால் ஒன்று. நகங்கள் மழுங்கி, தடித்து, கிளறுவதற்கு ஏற்றபடி இருக்கும். ஃபாசியானிடே குடும்பத்தில் அந்தப் பின்விரல் மற்ற மூன்றைவிடச் சற்று உயரத்தில் பொருந்தியிருக்கும். அதனால் தடத்தில் மூன்று விரல்களும் அழுத்தமாகப் பதிந்து, பின்விரலின் நுனி மட்டும் ஒரு புள்ளிபோல விழும், சில சமயம் விழாமலே போகும். பல சேவல்களுக்குக் கணுக்காலின் பின்பக்கம் முள் இருக்கும். இலங்கைச் சுண்டங்கோழியின் பெயர் காலோபெர்டிக்ஸ் பைகால்கராடா. ‘பைகால்கராடா’ என்றால் இரட்டை முள் உடையது. அந்தச் சேவலின் ஒரு காலிலேயே ஒன்றுக்கு மேற்பட்ட முட்கள் இருப்பது வழக்கம்.

இப்போது மிகப் பயனுள்ள ஒரு சோதனை. பின்விரலே இல்லையென்றால் அது காலிஃபார்மிஸ் இல்லை. காடை மாதிரியே இருக்கும் ஒரு சின்னப் பறவை நம் புல்வெளிகளிலும் கரும்புத் தோட்ட ஓரங்களிலும் உண்டு. அதன் பெயர் டர்னிக்ஸ் சஸ்கிடேட்டர். உருவம், நிறம், நடை எல்லாம் காடைதான். காலைப் பார்த்தால் மூன்றே விரல். அது ஆட்காட்டியும் உள்ளானும் இருக்கும் கரடிரிஃபார்மிஸ் வரிசையைச் சேர்ந்தது. காடையின் லத்தீன் பெயர் கோட்டர்னிக்ஸ். விரல் ஒன்று குறைந்த இந்தப் பறவைக்குப் பெயரிலும் முன்பகுதியை வெட்டி, டர்னிக்ஸ் என்று வைத்துவிட்டார்கள். இதில் பெட்டைதான் பெரிது, அதற்குத்தான் பளிச்சென்ற நிறம், இனப்பெருக்கக் காலத்தில் தொண்டை கருத்துவிடும். ஆண் பறவை அடைகாத்துக் குஞ்சுகளையும் வளர்க்கும். குஞ்சுகளோடு மங்கலான ஒரு பறவை போனால் தாய் என்று எழுதிவிடாதீர்கள், தகப்பனாக இருக்கலாம்.

கல்கௌதாரியும் இப்படித்தான், காலிஃபார்மிஸ் இல்லை. பேரினப் பெயர் டெரோக்ளிஸ். கௌதாரி என்று நாம் அழைத்தாலும் அதன் இறக்கை நீண்டு கூர்மையாக இருக்கும், கால் மிகக் குட்டை, பின்விரல் பெயருக்குத்தான் இருக்கும். காலையில் கூட்டமாக நெடுந்தூரம் பறந்து நீருக்கு வரும். ஆண் பறவை வயிற்று இறகை நீரில் நனைத்துக்கொண்டு போய்க் குஞ்சுகளுக்குக் கொடுக்கும். நிஜக் கௌதாரி அப்படிப் பறக்காது. அதன் இறக்கை குட்டை, உருண்டை. காலடியில் இருந்து ‘படபட’வென்று வெடித்துக் கிளம்பி, கொஞ்ச தூரம் போய், மறுபடி புதருக்குள் இறங்கி ஓடிவிடும். எப்படிக் கிளம்பியது, எவ்வளவு தூரம் போனது என்று நோட்டில் எழுதுங்கள். பிற்பாடு அந்த ஒரு வரி பெரிய உதவி செய்யும்.

5. இரட்டைப் பெயரைப் படியுங்கள்: புதுச்சேரிக் கௌதாரி

வரிசையும் குடும்பமும் புரிந்தபின் தனிப்பறவையின் பெயருக்கு வரலாம். அது எப்போதும் இரண்டு சொல். முதல் சொல் பேரினம், இரண்டாவது சிற்றின அடைமொழி. நம் சாதாரணக் கௌதாரியையே எடுத்துக்கொள்வோம். அதன் பெயர் ஆர்டைகோர்னிஸ் பாண்டிசேரியானஸ்.

இரண்டாவது சொல்லை வாய்விட்டுப் படித்துப் பாருங்கள். ஆமாம், அது பாண்டிச்சேரிதான். பியர் சொன்னெரா என்ற பிரெஞ்சு இயற்கையியலாளர் இந்தியப் பயணத்தின்போது இந்தப் பறவையைப் பார்த்து, 1782-ல் வெளிவந்த தம் பயண நூலில் விவரித்தார். அவர் பிரெஞ்சில்தான் எழுதினார், லத்தீன் பெயர் வைக்கவில்லை. ஜெர்மனியில் இருந்த இயற்கையியலாளர் கெமலின் அந்த விவரிப்பை எடுத்து, 1789-ல் ‘டெட்ராவோ பாண்டிசேரியானஸ்’ என்று முறைப்படி பெயரிட்டார். பஞ்சாபிலும் சரி, ஈரானிலும் சரி, இலங்கையின் வடக்கு வறண்ட கரையிலும் சரி, இந்தக் கௌதாரி எங்கே கூவினாலும் அதன் பெயரில் புதுச்சேரி இருக்கிறது. எனக்கு இது மிகப் பிடித்த பெயர்.

சொன்னெராவின் பெயரும் ஒரு பறவையில் நிலைத்திருக்கிறது. நம் மேற்குத் தொடர்ச்சி மலையின் சாம்பல் காட்டுக்கோழி காலஸ் சொன்னெராட்டீ. 1813-ல் டெமிங்க் வைத்த பெயர். மனிதர் பெயரை லத்தீன் ஆக்கி, ‘இன்னாருடைய’ என்ற உருபு சேர்த்தால் இப்படி ‘ஈ’ ஒலியில் முடியும். இலங்கையின் தேசியப் பறவையான காட்டுக்கோழியும் அப்படித்தான்: காலஸ் லஃபாயெட்டீ, பிரெஞ்சுத் தளபதி லஃபாயெட்டின் பெயர். சாம்பல் காட்டுக்கோழிச் சேவலின் கழுத்தை நல்ல தொலைநோக்கியில் பாருங்கள். ஒவ்வொரு இறகின் நுனியிலும் அரக்கு உருக்கி ஒட்டியதுபோல ஒரு சின்ன மஞ்சள் தகடு மின்னும். வெளிநாட்டில் மீன் பிடிக்கும் செயற்கைத் தூண்டில் ஈக்களுக்காக இந்தக் கழுத்திறகுகள் ஒரு காலத்தில் பெருமளவில் விற்பனையாயின. அதற்காகவே இவை வேட்டையாடப்பட்டன.

வீட்டுக்கோழியின் மூதாதை முக்கியமாகச் சிவப்புக் காட்டுக்கோழி, அதாவது காலஸ் காலஸ். ஆனால் பல நாட்டுக்கோழிகளின் மஞ்சள் தோலுக்கும் மஞ்சள் காலுக்கும் காரணமான மரபணு சாம்பல் காட்டுக்கோழியிடமிருந்து வந்தது என்று 2008-ல் வெளியான ஆய்வு காட்டியது. பேரினம் ஒன்று என்பதன் பொருள் இப்போது கண்ணுக்குத் தெரிகிறது அல்லவா? காலஸ் என்ற முதல் சொல் பொதுவாக இருக்கும் பறவைகள் அவ்வளவு நெருக்கம்.

அடைமொழிகளைப் படிக்க ஒரு சின்னப் பழக்கம் போதும். இடமா, மனிதரா, உடல் அடையாளமா என்று கேளுங்கள். மயிலின் பெயர் பாவோ கிறிஸ்டாடஸ்: பாவோ என்றால் மயில், கிறிஸ்டாடஸ் என்றால் கொண்டை உடையது. சிவப்புச் சுண்டங்கோழி காலோபெர்டிக்ஸ் ஸ்பேடிசியா: காலஸும் பெர்டிக்ஸும் சேர்ந்து ‘கோழிக் கௌதாரி’, ஸ்பேடிசியா என்பது செம்பழுப்பு நிறம். புதர்க்காடையின் பேரினம் பெர்டிகுலா, சின்னக் கௌதாரி. காலினுலாவில் பார்த்த அதே ‘உலா’ இங்கேயும் வருகிறது, இரண்டிலும் சிறுமையைக் குறிக்கிறது.

ஒரு எச்சரிக்கை. ஒரே சொல் முதலிடத்தில் வந்தால் ஒரு பறவை, இரண்டாம் இடத்தில் வந்தால் வேறு பறவை. மெலியாகிரிஸ் காலோபாவோ என்பது அமெரிக்காவின் வான்கோழி. நியூமிடா மெலியாகிரிஸ் என்பது ஆப்பிரிக்காவின் கினிக்கோழி. மெலியாகிரிஸ் என்று மட்டும் குறித்துக்கொண்டு வந்தால் வீட்டுக்கு வந்து திண்டாட வேண்டியதுதான்.

6. பின்னால் வரும் பெயரும் அடைப்புக்குறியும்

பட்டியல்களில் அறிவியல் பெயருக்குப் பின்னால் ஒரு மனிதர் பெயரும் ஆண்டும் இருக்கும். அது பெயரிட்டவர், பெயரிட்ட ஆண்டு. மயிலுக்கு லின்னேயஸ், 1758 என்று அடைப்புக்குறி இல்லாமல் இருக்கும். கௌதாரிக்கு (கெமலின், 1789) என்று அடைப்புக்குறிக்குள் இருக்கும். இது அச்சுப்பிழை இல்லை. பெயரிட்டபோது வைத்த பேரினத்திலேயே இன்றும் இருந்தால் அடைப்புக்குறி வராது. பேரினம் மாறியிருந்தால் வரும். மயிலை லின்னேயஸ் பாவோ என்றார், இன்றும் பாவோதான். கௌதாரியை கெமலின் டெட்ராவோ என்றார். பின்னால் அது நெடுங்காலம் ஃபிராங்கோலினஸ் என்ற பேரினத்தில் இருந்தது. மரபணு ஆய்வுகளுக்குப் பிறகு அண்மையில்தான் ஆர்டைகோர்னிஸ் ஆனது.

பழைய நூல் வைத்திருப்பவர்கள் இங்கேதான் தடுமாறுவார்கள். ஃபிராங்கோலினஸ் பாண்டிசேரியானஸ் என்று உங்கள் புத்தகத்தில் இருந்தால் புத்தகம் தப்பு என்று நினைக்க வேண்டாம். அது வெளிவந்த காலத்தில் அதுதான் சரியான பெயர். இரண்டாம் சொல் மாறவில்லை பாருங்கள். பொதுவாகப் பழைய பெயரையும் புதிய பெயரையும் பொருத்திப் பார்க்க அந்த இரண்டாம் சொல்லைப் பிடித்துக்கொண்டு போனால் போதும்.

7. கடைசி எழுத்து மாறினால் பதற வேண்டாம்

மழைக்காடையின் பெயர் கோட்டர்னிக்ஸ் கோரமண்டலிகா. வறண்ட வெட்டவெளிகளில் ஓடித் திரியும் இந்தியக் கோர்சரின் பெயர் கர்சோரியஸ் கோரமண்டலிகஸ். இரண்டும் கெமலின் 1789-ல் பெயரிட்டவை, இரண்டிலும் நம் சோழமண்டலக் கரை இருக்கிறது. ஒன்று ‘கா’, மற்றொன்று ‘கஸ்’. லத்தீனில் சொற்களுக்குப் பால் உண்டு, அடைமொழி பேரினப் பெயரின் பாலோடு ஒத்துப்போக வேண்டும். கோட்டர்னிக்ஸ் பெண்பால், கர்சோரியஸ் ஆண்பால், அவ்வளவுதான். வரகுக்கோழியின் பெயரில் பழைய நூல்கள் ‘இண்டிகா’ என்றும் இப்போதைய பட்டியல்கள் ‘இண்டிகஸ்’ என்றும் எழுதுவதும் இந்தக் காரணத்தால்தான். தேடும்போது ஒரு வடிவத்தில் கிடைக்காவிட்டால் மற்றதைப் போட்டுப் பாருங்கள்.

மூன்றாவதாக ஒரு சொல் வந்தால் அது துணையினம். தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் இருக்கும் கௌதாரி, ஆர்டைகோர்னிஸ் பாண்டிசேரியானஸ் பாண்டிசேரியானஸ். முதலில் பெயரிடப்பட்ட வடிவத்துக்கு அடைமொழியையே இரட்டிப்பார்கள். புதியவர்களுக்கு இப்போதைக்கு இரண்டு சொல் போதும்.

8. நீங்கள் எழுதும்போது

ரோமன் எழுத்தில் எழுதினால் பேரினத்தின் முதல் எழுத்து பெரிய எழுத்து, அடைமொழி முழுக்கச் சிறிய எழுத்து, இடப்பெயராகவோ மனிதர் பெயராகவோ இருந்தாலும்கூட. இரண்டையும் சாய்வெழுத்தில் போட வேண்டும். கையால் எழுதினால் அடிக்கோடு இடுங்கள். வரிசை, குடும்பப் பெயர்களுக்கு முதல் எழுத்து மட்டும் பெரிது, சாய்வெழுத்து வேண்டாம்.

தமிழ் எழுத்தில் எழுதும்போது இந்த வசதிகள் இல்லை. நான் செய்வது இதுதான்: ஊர்ப்பெயரை முதலில் எழுதி, அறிவியல் பெயரை அடுத்து ஒலிபெயர்த்து, ஒரே கட்டுரையில் ஒரே எழுத்துக்கூட்டலை விடாமல் பின்பற்றுவது. காலிஃபார்மிஸ் என்பது பன்மைப் பெயர், அதனால் ‘ஒரு காலிஃபார்மிஸ்’ என்று எழுதுவது இடிக்கும். ‘காலிஃபார்மிஸ் வரிசைப் பறவை’ என்று எழுதினால் சரியாக அமையும்.

பேரினத்தை முதலெழுத்தாகச் சுருக்கும் வழக்கம் உண்டு. இந்தக் கூட்டத்தில் அதை மிகக் கவனமாகச் செய்யுங்கள். காலஸ், காலோபெர்டிக்ஸ், காலினுலா, காலினாகோ எல்லாவற்றுக்கும் ரோமன் எழுத்தில் முதலெழுத்து ஒன்றுதான். பாவோ, பெர்டிகுலா, டெரோக்ளிஸ் மூன்றுக்கும் அப்படியே. டெரோக்ளிஸின் முதலெழுத்து ஒலிக்காது, ஆனால் எழுத்தில் இருக்கும். முதல்முறை முழுப்பெயரை எழுதிவிட்டு, குழப்பம் வராத இடத்தில் மட்டும் சுருக்குங்கள்.

எந்தச் சிற்றினம் என்று உறுதியாகத் தெரியாவிட்டால் பேரினத்தோடு நிறுத்திக்கொண்டு, பின்னால் ‘எஸ்பி.’ (சிற்றினம் என்று பொருள்படும் ‘ஸ்பீசிஸ்’ என்பதன் சுருக்கம்) என்ற குறியைப் புள்ளியோடு சேர்க்கலாம். புதர்க்காடைகளில் காட்டுப் புதர்க்காடையும் பாறைப் புதர்க்காடையும் அருகருகே வாழும், ஒரு நொடி பார்த்தால் பிரித்துச் சொல்வது கடினம். அந்த நிலையில் பெர்டிகுலா எஸ்பி. என்று எழுதுவதே நேர்மையான பதிவு. ஊகித்து எழுதிய முழுப்பெயரைவிட அது ஆய்வாளருக்கு நூறு மடங்கு பயன்படும்.

9. பயிற்சிக்கு ஒரு காடை

கடைசியாக, பெயர் தெரிவதால் நேரடியாகப் பயன் உண்டாகும் ஓர் இடம். சந்தையில் ‘காடை’ என்று விற்பது பெரும்பாலும் பண்ணையில் வளர்க்கும் ஜப்பானியக் காடை, கோட்டர்னிக்ஸ் ஜப்போனிகா. மழைக்காலத்தில் நம் புல்வெளிகளில் கூவி இனப்பெருக்கம் செய்வது கோட்டர்னிக்ஸ் கோரமண்டலிகா. பேரினம் ஒன்று, பேச்சுவழக்கில் பெயரும் ஒன்று. முதலாவதை வளர்த்து விற்கலாம். இரண்டாவதைக் கண்ணி வைத்தோ வலை விரித்தோ பிடிப்பது 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். கௌதாரிக்கும் காட்டுக்கோழிக்கும் அதே சட்டம்தான்.

வித்தியாசம் பார்க்க ஆண் பறவையின் மார்பைக் கவனியுங்கள். மழைக்காடை ஆணுக்கு மார்பில் பெரிய கறுப்புத் திட்டு இருக்கும், தொண்டையிலும் கறுப்புக் கோடுகள் தெளிவாகத் தெரியும். பண்ணைக் காடை ஆணுக்கு மார்பு செம்பழுப்பாக இருக்கும், அந்தக் கறுப்புத் திட்டு இருக்காது. பெட்டைகளை மார்பை வைத்துப் பிரிப்பது கடினம், படம் எடுத்து அனுபவம் உள்ளவரிடம் காட்டுவது மேல். கூண்டில் கறுப்பு மார்புக் காடையையோ, கௌதாரியையோ, கழுத்தில் மஞ்சள் தகடு மின்னும் சேவலையோ விற்பதைப் பார்த்தால், விற்பவரிடம் சண்டைக்குப் போகாதீர்கள். தேதி, இடம், பறவையின் ஊர்ப்பெயர், அறிவியல் பெயர், முடிந்தால் மார்பும் காலும் தெரியும் படம் ஆகியவற்றோடு அருகில் உள்ள வனச்சரக அலுவலகத்துக்குத் தகவல் கொடுங்கள். ‘காடை விற்கிறார்கள்’ என்று மட்டும் சொன்னால் பண்ணைக் காடையாக இருக்கும் என்று விட்டுவிட வாய்ப்புண்டு. கோட்டர்னிக்ஸ் கோரமண்டலிகா என்று எழுதிக் கொடுத்தால் எந்தப் பறவை என்பதில் யாருக்கும் சந்தேகம் வராது.